நாலாம் நிறுத்தத்தில் ஒரு வாழையிலை

அத்தியாயம் 7

மடுத்தீனுக்கு நடக்கப் பிடிக்காது. சீட்டு எடுத்து, வரிசையில் நின்று, குடை பிடித்த ஒருத்திக்குப் பின்னால் நடப்பது அறவே பிடிக்காது. 2016 ஜூலை பத்தாம் திகதி, ஞாயிற்றுக்கிழமை, பின்னேரம் மூன்று மணிக்கு பிரெஞ்சுத் தலைநகரில் தமிழ்க் கடைகள் நிறைந்த லா சப்பலின் மெற்றோப் பாலத்துக்குக் கீழே அவன் அதைத்தான் செய்துகொண்டிருந்தான்.

அன்றிரவு சென் தெனியில் உதைபந்தாட்ட இறுதிப் போட்டி. ஊரே முகத்தில் மூன்று நிறம் பூசிக்கொண்டு ஹோர்ன் அடித்துத் திரிந்தது. மூலைக்கு மூலை பொலிஸ் வான். இந்த அமளிக்குள் சிவப்புக் குடைக்காரி ஜிஸ்லேன், லா சப்பலின் ரொக் இசை வரலாற்றைப் பன்னிரண்டு உல்லாசப் பயணிகளுக்குத் தொண்டை கிழியச் சொல்லிக்கொண்டு போனாள். ஆறு நிறுத்தம், இரண்டு மணித்தியாலம். முதலாம் நிறுத்தம், டெலிபோன் கார்ட் விற்கிற கடை. முந்தி அங்கே கிற்றார் திருத்தினார்களாம். இரண்டாம் நிறுத்தம், இந்தப் பாலம். மெற்றோ போகிற இரைச்சலோடு சேர்த்து ஒரு குழு இங்கே பாட்டுப் பதிந்ததாம்.

"அக்கா, பதினாறு வருஷமா இந்த றோட்டாலை போய் வாறன்," என்றான் மடுத்தீன் மெதுவாக. "முருங்கைக்காய் எந்தக் கடையிலை பிஞ்சு எண்டு கேளுங்கோ, கண்ணை மூடிக்கொண்டு சொல்லுவன். இஞ்சை ஒருத்தரும் கிற்றார் அடிச்சதைக் காணேல்லை."

"நீ முருங்கைக்காயைத்தானே பாத்துக்கொண்டு போனனி," என்றாள் கௌரி. "வாயைப் பொத்திக்கொண்டு மேலை பார்."

மடுத்தீன் மேலே பார்த்தான். பாலத்து விளிம்புக்கு அப்பால் வானம், மின்கம்பி, நாலைந்து புறா. வேறு ஒன்றுமில்லை. ஏன் பார்க்கச் சொன்னாள் என்று கேட்டால் சொல்ல மாட்டாள். அது அவளுடைய பழக்கம், இவனுடைய தலைவிதி.

கௌரி இருபத்திரண்டு வருஷம் அகதி வழக்குகளில் மொழிபெயர்ப்பாளராக இருந்தவள். ஆயிரம் பேருடைய உண்மையையும் அதைவிடக் கூடுதலான பொய்யையும் பிரெஞ்சுக்கு மாற்றிக் களைத்துப்போய், கடைசியில் ரூ பெர்தொனே என்கிற தெருவில் ஒரு நகைக்கடைக்கு மேல் மாடியில் விசாரணை அலுவலகம் திறந்தாள். யாழ்ப்பாணத்துப் பாசையூர்க்காரன் மடுத்தீன் அதுவரை ஒரு ரெஸ்ரோறண்டில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தான். ஆட்களோடு வாய் கொடுத்துக் கதை எடுக்க அவனைவிட ஆள் கிடையாது என்று அவளே கூட்டி வந்தாள். கதை எடுக்கிற வாய்தான் கதை விடவும் செய்யும் என்பது அவளுக்கும் தெரியும்.

நேற்றும் அந்த வாய் சும்மா இருக்கவில்லை. அதைக் கௌரிக்கு அவன் இன்னும் சொல்லவில்லை.

விஷயம் இதுதான். இருபது வருஷத்துக்கு முன் இந்தத் தெருக்களில் 'கோடை இடி' என்று யாழ்ப்பாணத்துப் பெடியளின் ரொக் குழு ஒன்று இருந்தது. பாட்டும் கிற்றாரும் தவசீலன். பேஸ் கிற்றார் வாமதேவன். ட்ரம்ஸ், அதைப் பழகவென்று வந்த ஒரு பிரெஞ்சுப் பெடியன். 1996 ஜூன் இருபத்தோராம் திகதி, ஊரெல்லாம் இசைத் திருவிழா, அன்றைக்குத்தான் அவர்கள் கடைசியாக வாசித்தது. அதற்கு நாலு நாள் கழித்துத் தவசீலன் கலே துறைமுகம் போய், அங்கிருந்து களவாய் லண்டன் போகப் புறப்பட்டானாம். அந்த நாலு நாளும் அவன் பாட்டுப் பழகுகிற நிலவறையிலேயே தங்கியதாகவும், கார் து நோர் நிலையத்தில் தானே ரெயில் ஏற்றிவிட்டதாகவும் வீட்டுக்கு வந்து சொன்னது வாமதேவன். அதோடு சரி. ஒரு கடிதமில்லை, ஒரு போன் இல்லை.

மனைவி கமலராணி இரண்டு வயதுப் பிள்ளையோடு பொண்டி என்கிற புறநகரில் தனியே இருந்தாள். அந்தப் பிள்ளை லக்ஷனாவுக்கு இப்போது இருபத்திரண்டு வயது, வருகிற ஆவணியில் கலியாணம். மாப்பிள்ளை வாமதேவனின் மகன் கீர்த்தனன். போன சித்திரையில் லக்ஷனா வேலைத்தலச் சிநேகிதிகளோடு இதே நடைப் பயணத்துக்கு வந்திருக்கிறாள். நாலாம் நிறுத்தத்தில் ஜிஸ்லேன் போனில் படம் காட்டினாளாம். வருஷம் ஒருமுறை, யாரோ ஒரு ரசிகர், 'கோடை இடி' பாட்டுப் பழகிய நிலவறைக்கு எதிரே வாழையிலையில் சாப்பாடு வைத்துவிட்டுப் போகிறார். பக்கத்தில் ஒரு சிகரட். கிற்றார் மீட்டுகிற சின்னப் பிளாஸ்டிக் துண்டு ஒன்று. மகள் வீட்டில் போய் அதைப் புதினமாய்ச் சொல்ல, தாய் அடுத்த நாளே கௌரியின் கதவைத் தட்டினாள்.

"அவர்தான் அக்கா. உயிரோடை இருக்கிறார். வருஷத்திலை ஒருக்கால் வந்து போறார், என்ரை முகத்திலை முழிக்க வெக்கம். கலியாணத்துக்கு முதல் எனக்கு ஒரு முடிவு சொல்லுங்கோ. மணவறையிலை நான் நிக்கலாமோ, நிக்கக் கூடாதோ?"

அந்தக் குரலை மடுத்தீனால் மறக்க முடியவில்லை. அதனால்தான் நேற்று அவள் போன் எடுத்தபோது, ஒருவருக்கும் சொல்லாதே என்று கௌரி படித்துப் படித்துச் சொல்லியும், "நாளைக்கு நாலு மணிக்கு இலை வைக்கிறவர் வருவாராம், அக்கா சொல்லுறா" என்று உளறிவிட்டான். மறு முனையில் அவள் அழுதாள். சந்தோஷத்தில்.

மூன்றாம் நிறுத்தத்தை விட்டு நடக்கும்போது மடுத்தீன் கேட்டான். "அக்கா, வருஷத்திலை முந்நூற்று அறுபத்தஞ்சு நாள் கிடக்கு. இண்டைக்குத்தான் வருவார் எண்டு உங்களுக்கு ஆர் சொன்னது? மாதாவோ?"

"கலண்டர்." கௌரி கைப்பையிலிருந்து ஒரு துண்டை எடுத்தாள். "ஜிஸ்லேன் எடுத்த படங்களின்ரை திகதி. நேரம் எல்லாம் நாலு மணிதான். ரெண்டாயிரத்துப் பதின்மூண்டிலை ஜூலை பதினாலு. அடுத்த வருஷம் ஜூலை மூண்டு. போன வருஷம் ஜூன் இருவத்திரண்டு. என்ன விளங்குது?"

"ஆள் சம்பளமில்லாத லீவு எடுத்து வாறார்."

"விசரா. இங்கிலீஸ் திகதி மாறுது. தமிழிலை மாறேல்லை. மூண்டும் ஆனி மாசத்து வளர்பிறைச் சஷ்டி. இண்டைக்கும் அதுதான்."

மடுத்தீன் கத்தோலிக்க வேதக்காரன். அவனுடைய வீட்டில் செத்தவர்களுக்குப் பூசை ஒப்புக்கொடுப்பார்கள், மெழுகுதிரி கொளுத்துவார்கள். பிறையைப் பார்ப்பதில்லை. ஆனாலும் லா சப்பலில் பதினாறு வருஷம் இருந்தவனுக்கு அந்தச் சொல் போதும். கால் ஒரு அடி பிந்தியது.

"திவசம்," என்றான்.

"ஓம். ரசிகன் வைச்ச சாப்பாடு இல்லை அது. செத்த ஆளுக்கு வைக்கிற படையல். செத்த நாள் தெரியாட்டி அமாவாசையிலை குடுப்பினம். சஷ்டி பாத்துக் குடுக்கிறவனுக்கு நாள் தெரியும்." கௌரி துண்டை மடித்து வைத்தாள். "பழைய பஞ்சாங்கத்தையும் பாத்தனான். தொண்ணூற்றாறாம் ஆண்டு அந்தச் சஷ்டி விழுந்தது ஜூன் இருவத்தொண்டு."

"ஆனா அவரை ரெயில் ஏத்தினது இருவத்தஞ்சு எல்லோ?"

"அதைத்தான் நானும் யோசிக்கிறன்."

எங்கோ ஒரு கார் நீளமாய் ஹோர்ன் அடித்தது. மடுத்தீன் போனை எடுத்துக் கமலராணிக்கு அடித்தான். மணி அடித்துக்கொண்டே இருந்தது, அவள் எடுக்கவில்லை. வரவேண்டாம் என்று இனி எப்படிச் சொல்வது? கௌரிக்குச் சொல்ல வாய் எடுத்தான். முதல்முறையாக வாய் வரவில்லை.

நாலாம் நிறுத்தம் ஒரு முட்டுச் சந்து. ஒரு பக்கம் பழைய கட்டடம், மூலையில் ஒரு சின்னக் கபே. மறு பக்கம் இடுப்பளவு மதில், அதற்குக் கீழே கார் து நோருக்குப் போகிற தண்டவாளங்கள். சந்துக்குள் திரும்பியதும் தெருச் சத்தம் முழுவதும் பின்னால் நின்றுவிட்டது. ஜிஸ்லேன் கையிலிருந்த குடை அப்படியே நின்றது.

"மோன் தியூ! இருக்கு!" பாண்டிச்சேரிக்காரியான ஜிஸ்லேன் சின்னப் பிள்ளை மாதிரிக் குதித்தாள். "பாருங்க, பாருங்க! இன்னைக்கே வச்சிருக்காங்க!"

மதில்மேல் வாழையிலை. சோறு, பருப்பு, வாழைக்காய்ப் பொரியல், பாயசம். இலையின் ஓரத்தில் ஒரு சிகரட், நீல நிறப் பிளாஸ்டிக் துண்டு ஒன்று. சோற்றிலிருந்து ஆவி போய்க்கொண்டிருந்தது. பயணிகள் போனைத் தூக்கிக்கொண்டு நெருங்கினார்கள். ரொக் இசைக்கு இப்படியும் பக்தர்களா என்று ஒரு வயசாளி மனுசி கண் கலங்கினாள்.

"சுடச்சுட," என்று முணுமுணுத்தான் மடுத்தீன்.

"இலையைப் பாக்காதை. முதல் நிலவறை," என்றாள் கௌரி.

நிலவறை இப்போது ஒரு துணிக்கடையின் களஞ்சியம். கடைக்காரர் ஜிஸ்லேனிடம் திறப்புக் கொடுத்து வைத்திருந்தார். பதின்மூன்று படி இறங்க, ஈர மண்ணும் பழைய துணியும் கலந்த மணம். சாறிக் கட்டுகளுக்கு நடுவே ஒரு சீமெந்து மேடை, முழங்கால் உயரம், ஆள் நீளத்தைவிடக் கொஞ்சம் கூடுதல்.

"வ்வாலா! இதுதான் 'கோடை இடி' மேடை," என்று ஜிஸ்லேன் பிரெஞ்சில் அறிவித்தாள். "அவங்க கையால கட்டினது. ஏறி நின்னு படம் எடுத்துக்கலாம்."

பயணிகள் ஒவ்வொருவராக ஏறினார்கள். மடுத்தீனும் ஏறினான். சின்ன வயதில் பாசையூர்க் கோயில் பெருநாளுக்கு அவன் ட்ரம்ஸ் அடித்தவன். இல்லாத தடிகளைப் பிடித்து இல்லாத ட்ரம்ஸை விளாசி, குதிக்காலால் இரண்டு தட்டுத் தட்டினான். ஒரு ஜெர்மன்காரன் கை தட்டினான்.

"நல்ல உறுதி அக்கா! எங்கடை ஊர்ப் பாலமே இப்பிடிக் கட்டேல்லை!"

கௌரி சிரிக்கவில்லை. ஜிஸ்லேன் கழுத்தில் தொங்கிய பிளாஸ்டிக் போட்ட பழைய படத்தைக் கையில் வாங்கிப் பார்த்துக்கொண்டிருந்தாள். இதே நிலவறை. தவசீலன் கிற்றாரோடு வாய் நிறையச் சிரிக்கிறான், பக்கத்தில் தாடி வைத்த வாமதேவன்.

"இந்தப் படம் எப்ப எடுத்தது?"

"அந்த இருபத்தொண்ணாம் தேதி ராத்திரிதாங்க. தெருவுல வாசிச்சிட்டுக் கீழ வந்தாங்களாம். பக்கத்து வீட்டுக்காரர் எடுத்தார். கடைசிப் படம். அதுக்கப்புறம் குரூப்பே இல்லையே."

"மடுத்தீன், இஞ்சை வா. இவையின்ரை காலைப் பார்."

மடுத்தீன் மேடையில் நின்றபடியே குனிந்து பார்த்தான். படத்தில் இருவரும் நின்றது மரப் பலகைத் தட்டுகளில். பலகைக்கு இடையில் வெறும் மண் தெரிந்தது. சீமெந்து இல்லை. மேடை இல்லை.

"குழு கலைஞ்சு போச்சு," என்றாள் கௌரி மிக மெதுவாக. "பிறகு ஆர் பாட எண்டு மேடை கட்டினது?"

மடுத்தீனுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கினபோது அவன் கால்கள் தாமாகவே மேடையை விட்டு இறங்கின. "இயேசுவே," என்று நெஞ்சில் சிலுவை போட்டான். குதிக்காலால் தட்டிய இரண்டு தட்டும் திரும்பக் காதில் கேட்டது.

மேலே வந்ததும் கௌரி ஜிஸ்லேனின் கையைப் பிடித்து ஏதோ சொன்னாள். ஜிஸ்லேனின் முகம் மாறியது. ஒன்றும் கேட்காமல் நிலவறையைப் பூட்டி, திறப்பைக் கௌரியிடம் கொடுத்துவிட்டுப் பயணிகளை ஐந்தாம் நிறுத்தத்துக்கு ஓட்டிக்கொண்டு போனாள். சந்தில் இவர்கள் இருவரும் மதில்மேல் இலையும்தான்.

"அக்கா, வைச்சவன் வைச்சிட்டுப் போட்டான். இனி எங்கை பிடிக்கிறது?"

"போகேல்லை. போக ஏலாது. படையலைக் காகம் எடுக்க வேணும். எடுக்கும்வரை வைச்சவன் பச்சைத் தண்ணியும் பல்லிலை படாமல் காத்திருக்க வேணும். ஊரிலை எண்டால் கா எண்டு கூப்பிடமுதல் வந்திடும். இஞ்சை?"

மடுத்தீன் மேலே பார்த்தான். இப்போதுதான் அவள் அப்போது சொன்னது விளங்கியது. ரெயில் கம்பியில் தூரத்தில் ஒரே ஒரு காகம். மதிலில் ஏழெட்டுப் புறா. புறா ஒன்று துணிந்து இலையை நோக்கி நடந்தது. டக்கென்று ஒரு சின்னக் கல் மதிலில் பட்டது. புறாக்கள் எழும்பிப் பறந்தன.

கல் வந்த பக்கம் கபே. வெளியே ஒரே ஒரு மேசையில் ஆள். அவருக்கு முன்னால் ஒரு கோப்பை கோப்பி, தொடாமல் ஆடை கட்டிப்போய். கோப்பைக்குப் பக்கத்தில் தண்டவாளத்துக் கருங்கல் ஒரு சிறு கும்பி.

"கோப்பிக்குச் சீனி போடுவினம் அக்கா," என்று தொடங்கிய மடுத்தீன் முகத்தைப் பார்த்ததும் நிறுத்தினான். போன கிழமை பொண்டியில், கமலராணி வீட்டில், கலியாண மண்டபக் கதை கதைத்துக்கொண்டு தேத்தண்ணி குடித்த மனுசன். தாடி இல்லை, தலை நரைத்துவிட்டது. வாமதேவன்.

கௌரி கேட்காமலே எதிர்க் கதிரையில் போய் இருந்தாள்.

"கோப்பி ஆறிப்போச்சு, வாமதேவன்."

"நான் பிறகு குடிப்பன்."

"காகம் வந்தாப் பிறகோ?"

அவருடைய கையில் இருந்த கல் மேசையில் விழுந்தது. "ஆர் நீங்கள்?"

"நான் மொழிபெயர்க்கிற ஆள். மற்றவை சொல்லுறதைத்தான் திருப்பிச் சொல்லுவன். இப்ப அந்த இலை சொன்னதைச் சொல்லுறன், கேளுங்கோ. இருவத்தஞ்சாம் திகதி ரெயில் ஏத்தினன் எண்டு சொன்ன ஆளுக்கு இருவத்தோராம் திகதிச் சஷ்டியிலை திவசம் குடுக்கிறியள். கலியாணத்தை ஆனியிலை வைப்பம் எண்டு கமலராணி கேட்க, திவசம் வாற மாசத்திலை நல்ல காரியம் கூடாது எண்டு ஆவணிக்குத் தள்ளினியள். உங்கடை தாய் தேப்பன்ரை திதி மாசியிலையும் ஐப்பசியிலையும் வருது எண்டு கமலராணி சொன்னவ. ஆனியிலை உங்களுக்கு ஆர் செத்தது?"

வாமதேவன் மதிலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அப்ப நீங்கள் கட்டட வேலை. சீமெந்து குழைக்கத் தெரியும். மேடை நல்ல உறுதியாம், என்ரை ஆள் ஏறி நிண்டு சொன்னவன்."

அந்த மனுசன் உடைந்துபோனது மடுத்தீனின் கண்ணுக்கு முன்னால்தான். சத்தம் போடவில்லை. தோள் இரண்டும் இறங்கின, அவ்வளவுதான்.

"நாளையிலையிருந்து கிற்றார் இல்லை எண்டான்," என்றார் வாமதேவன். "பிள்ளை இருக்கு, ரெஸ்ரோறண்டிலை வேலை எடுத்திட்டன் எண்டான். எனக்கு அந்தக் குழுதான் எல்லாம். படியிலை வைச்சுத் தள்ளினன். ஒரே ஒருக்கால். தலை அடிபட்டது. எனக்கும் விசா இல்லை. பொலிசுக்குப் போனால் ரெண்டு பேருக்கும் முடிஞ்சுது எண்டு நினைச்சுத்தான் உடம்பை அங்கையே சீமெந்தாலை மூடினன்."

"அவருக்கு முடிஞ்சுதான் போச்சே அண்ணை," என்றான் மடுத்தீன். அதில் பகிடி இல்லை.

"அவன்ரை பிள்ளைக்கு ஒரு குறையும் விடேல்லை. என்ரை பெடியனைக் குடுக்கிறன். ஒவ்வொரு வருஷமும்..."

"தம்பி! மடுத்தீன் தம்பி!"

சந்தின் வாசலில் கமலராணி. பச்சைப் பட்டுச் சேலை, தலையில் மல்லிகைப் பூ, நெற்றியில் வட்டமாய்க் குங்குமம். கையில் ஒரு சாப்பாட்டுப் பெட்டி. பொண்டியிலிருந்து ரெயிலில் வந்து, படிகளெல்லாம் ஓடி ஏறியிருக்கிறாள், மூச்சு வாங்கியது. கௌரி திரும்பி மடுத்தீனை ஒரு பார்வை பார்த்தாள். நிலம் பிளந்து தன்னை விழுங்கினால் நல்லது என்று அவனுக்குத் தோன்றியது.

"வந்திட்டாரோ?" என்று கேட்டுக்கொண்டே வந்தவள் மேசையில் இருந்த ஆளைக் கண்டாள். முகம் மலர்ந்தது. "அட, வாமதேவன் அண்ணை! நீங்களும் அவரைப் பாக்கவோ வந்தனீங்கள்?"

வாமதேவன் தலையைக் குனிந்தார். கமலராணி கௌரியைப் பார்த்தாள், மடுத்தீனைப் பார்த்தாள். பிறகு மதிலைப் பார்த்தாள். தன் தகப்பனுக்கு வருஷா வருஷம் படைக்கிறவள் அவள். மகள் சொல்லக் கேட்டபோது புருஷன் வைத்த சாப்பாடாய்த் தோன்றியது, நேரில் என்ன என்று அவளுக்கு யாரும் சொல்லத் தேவையில்லை. மேசையில் கிடந்த கற்களையும் ஆறிய கோப்பியையும் கண்டாள்.

"எண்டைக்கு?" என்றாள்.

"இருவத்தோராம் திகதி," என்றார் வாமதேவன் தலை நிமிராமல். "இராத்திரி."

"ரெயில்?"

"ரெயில் இல்லை."

அவள் அழுவாள், கத்துவாள், அந்த மனுசனின் சேட்டுக் கொலரைப் பிடித்து உலுக்குவாள் என்று மடுத்தீன் எதிர்பார்த்தான். அவள் நின்ற இடத்திலேயே நின்றாள்.

"இருபது வருஷம் நான் பூவும் பொட்டுமாத் திரிஞ்சன்," என்றாள். "என்ரை மனுசனுக்கு நீங்கள் விரதம் பிடிச்சிருக்கிறியள்."

கௌரி போனை எடுத்தாள். கமலராணி கையை நீட்டித் தடுத்தாள். "கொஞ்சம் பொறுங்கோ அக்கா. காகம் எடுக்கட்டும்."

மதிலடிக்குப் போய்ச் சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்தாள். இடியப்பம், சொதி, சம்பல். வாழையிலையின் சோற்றைக் கையால் ஒரு பக்கமாய் ஒதுக்கிவிட்டு, இடியப்பத்தை ஒவ்வொன்றாக எடுத்து வைத்தாள். "இடியப்பம் எண்டால் அவருக்கு உயிர். ஆறமுதல் குடுப்பம் எண்டுதான் ஓடி வந்தனான்," என்று யாருக்கோ சொன்னாள். மடுத்தீன் முகத்தை மற்றப் பக்கம் திருப்பிக்கொண்டு அழுதான்.

கீழே ஒரு ரெயில் போனது. அது போய் முடிந்ததும் கம்பியிலிருந்த காகம் எழும்பி, ஒரு வட்டம் போட்டு, மதிலில் வந்து இருந்தது. தலையைச் சரித்து இலையைப் பார்த்தது. சோற்றைத் தொடவில்லை. இடியப்பத்தில் ஒரு வாய் கிழித்துக்கொண்டு தண்டவாளங்களுக்கு மேலே பறந்து போனது.

கமலராணி கையைச் சேலைத் தலைப்பில் துடைத்துக்கொண்டு திரும்பி வந்தாள். ஆறிப்போன கோப்பிக் கோப்பையை வாமதேவனுக்கு முன்னால் தள்ளி வைத்தாள்.

"விரதம் முடிஞ்சுது, அண்ணை. இனிக் கோப்பியைக் குடியுங்கோ."

கௌரி பொலிசுக்கு எடுத்தாள்.